அடையாறில் வாங்கிய மலைத்தேன்: சரக்கு சுத்தம், லேபிள் ஊமை

அடையாறில் ஆர்கானிக் என்று போர்டு மாட்டிய ஒரு கடையில் போன மாதம் அரைக் கிலோ மலைத்தேன் வாங்கினேன். 640 ரூபாய். கடையின் பெயரை எழுதப்போவதில்லை. நான் சொல்லவரும் குறை அந்த ஒரு கடையோடு நிற்பதில்லை, மயிலாப்பூரிலும் அண்ணா நகரிலும் நான் பார்த்த பாட்டில்கள் எல்லாம் ஏறக்குறைய இதே மாதிரிதான் இருந்தன.

முதலில் தேனைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். நல்ல தேன். கருஞ்சிவப்பு, ஸ்பூனில் எடுத்தால் நூலாக இழுபடாமல் சட்டென்று வழிகிறது, நாக்கில் இனிப்பு அடங்கியதும் தொண்டையில் லேசான துவர்ப்பு நிற்கிறது. நாவல் மரம் பூக்கும் சமயத்துத் தேனில் வரும் துவர்ப்பு அது. நான் ஏழாவது வரை கோத்தகிரியில் படித்தவள், அப்பாவுக்குத் தேயிலை ஃபேக்டரியில் கணக்கு வேலை. குறும்பர் பழங்குடிப் பெரியவர் ஒருவர் பழைய பிராந்தி பாட்டிலில் தேன் கொண்டுவருவார், மூடி இருக்காது, பேப்பரைச் சுருட்டி வாயில் அடைத்திருப்பார். அம்மா தோசைக்கு ஊற்றித் தருவாள். முப்பது வருடம் கழித்து அதே ருசி, அதற்காகவே 640 ரூபாயை மன்னித்தேன்.

இந்தத் தேனை வாங்கிய சிலர் "தண்ணியா இருக்கு, நுரைக்குது, சர்க்கரைப் பாகு" என்று திட்டி எழுதியிருக்கிறார்கள். அவசரப்படாதீர்கள். பெட்டியில் வளர்க்கும் தேனீ வேறு, மலைத்தேனீ வேறு. மலைத்தேனீ பாறை விளிம்பில் திறந்தவெளியில் ஒரே பெரிய அடையாகக் கட்டும், மலைக்காற்றின் ஈரம் தேனிலும் இருக்கும். தேனில் ஈரப்பதம் 20 சதவீதத்தைத் தாண்டக் கூடாது என்பது உணவுப் பாதுகாப்பு விதி, காட்டுத்தேன் பல சமயம் அதைத் தாண்டிவிடும், அதனால் புளித்து நுரை கட்டும். தண்ணீர் டம்ளரில் விட்டுப் பார்ப்பது, தீக்குச்சியில் தடவிக் கொளுத்துவது, நாய் நக்குகிறதா என்று பார்ப்பது, எதுவும் பிரயோஜனமில்லை. கெட்டியான பாகும் டம்ளர் அடியில்தான் போய் உட்காரும்.

சரி, லேபிளுக்கு வருகிறேன். முன்பக்கம் தலையில் இறகு செருகிய ஒரு ஆள் வில்லோடு நிற்கிறார். நீலகிரியில் நான் இருந்த காலத்தில் இறகு செருகிய ஒருவரையும் பார்த்ததில்லை, அதை எந்த சினிமாவில் பிடித்தார்களோ. அதன் கீழே "காட்டின் பரிசு, பழங்குடி மக்கள் அன்போடு சேகரித்தது". பின்பக்கம் பாட்டிலில் அடைத்த கம்பெனியின் அம்பத்தூர் விலாசம். அவ்வளவுதான். எந்த மலை, எந்த ஊர், குறும்பரா இருளரா காட்டுநாயக்கரா, எந்தச் சங்கம் என்று ஒரு வார்த்தை கிடையாது. கடைப் பையனிடம் கேட்டேன்.

"ட்ரைபல்ஸ்கிட்ட இருந்து டைரக்டா வருது மேடம்."

"எந்த ஊர்லேருந்து தம்பி?"

"நீலகிரி மேடம்."

"நீலகிரில எங்க?"

"ஃபாரஸ்ட்ல மேடம்."

பாவம், அவனைச் சொல்லி என்ன. ஆனால் அந்தப் "பரிசு" என்ற வார்த்தை எனக்கு உறுத்தியது. பாறையில் கொடி ஏணி கட்டி, பெரும்பாலும் ராத்திரியில், புகை போட்டுத்தான் இறங்குவார்கள். மேலே கயிற்றைக் காவல் காப்பது மனைவியின் அண்ணன் அல்லது தம்பியாக இருக்க வேண்டும் என்பது வழக்கம், தன் கூடப்பிறந்தவளின் வாழ்க்கை அந்தக் கயிற்றில் தொங்கும்போது கை தளராது அல்லவா. இப்படி எடுத்துவந்த பொருளுக்குப் பரிசு என்று பெயர்.

2006 வன உரிமைச் சட்டப்படி இந்தத் தேன் பழங்குடியினருடைய உடைமை. சிறுவன மகசூலை, அதாவது மரக்கட்டை அல்லாத காட்டு விளைபொருட்களை, சேகரிக்க, பயன்படுத்த, விற்க அவர்களுக்கு உரிமை உண்டு என்று அந்தச் சட்டம் சொல்கிறது, எவையெல்லாம் சிறுவன மகசூல் என்ற பட்டியலில் மூங்கில், மெழுகு, கிழங்கு வகைகளோடு தேனும் பெயர் சொல்லியே இருக்கிறது. காட்டிலிருந்து பொருளை எடுத்துப்போகச் சீட்டு வேண்டுமென்றால் அதையும் கிராம சபை அமைக்கும் குழுவே தரலாம் என்று 2012இல் விதியைத் திருத்தினார்கள். அதாவது ஊர் பெயரையும் கிராம சபை பெயரையும் லேபிளில் போடுவது பெரிய வித்தை இல்லை. அந்தச் சபைக்கு இந்தச் சட்டப்படி வரவேண்டிய உரிமைச் சான்று கிடைத்திருக்கிறதா என்ற கேள்வி வரும், ஒருவேளை அதனால்தான் எவரும் போடுவதில்லையோ என்னவோ.

தமிழ்நாட்டில் அந்தச் சான்று தாமதமானதற்கு நம் ஊர் சம்பந்தமும் இருக்கிறது. நீதிமன்றத்தின் உத்தரவு பெறாமல் உரிமைச் சான்று வழங்கக் கூடாது என்று 2008இல் சென்னை உயர் நீதிமன்றம் உத்தரவு போட்டது, 2016இல் உச்ச நீதிமன்றம் அதை நீக்கும்வரை சான்று வழங்குவது முடங்கிக் கிடந்தது. எட்டு வருடம். அடையாறில் பஸ் ஏறினால் கொஞ்ச நேரத்தில் பாரிமுனை, அங்கே ஒரு கட்டிடத்தில் போட்ட உத்தரவு மலையில் ஒரு தலைமுறைப் பிள்ளைகள் ஐந்தாவதிலிருந்து கல்லூரி வயதுக்கு வரும்வரை நின்றது. தர்மபுரி மாவட்டத்துப் பழங்குடி ஊரான வாச்சாத்தியில் 1992இல் வனத்துறை, போலீஸ், வருவாய்த்துறை ஆட்கள் செய்த கொடுமைக்காகக் குற்றம் சாட்டப்பட்ட 269 பேரில் உயிரோடிருந்த 215 பேரும் குற்றவாளிகள் என்ற தீர்ப்பை 2023இல் உறுதிசெய்ததும் இதே நீதிமன்றம்தான், அதையும் சொல்லாமல் விடுவது நியாயமில்லை. சந்தனக்கட்டையைத் தேடுகிறோம் என்று சொல்லித்தானே அந்த ஊருக்குள் நுழைந்தார்கள். கையில் காகிதம் இல்லாதவரிடம் "இதை எங்கிருந்து எடுத்தாய்" என்று கேட்டால் அது எங்கே போய் முடியும் என்பது மலையில் இருப்பவர்களுக்குத் தெரியும்.

விலை விஷயம். காட்டுத்தேனுக்கு மத்திய அரசு 2020 மே மாதம் கிலோவுக்கு 225 ரூபாய் குறைந்தபட்ச ஆதரவு விலை வைத்தது. நான் கொடுத்தது கிலோவுக்கு 1280. வடிகட்டல், பாட்டில், லாரி, அடையாறு வாடகை எல்லாம் உண்டு, ஒத்துக்கொள்கிறேன். ஆனால் இறங்கி எடுத்தவருக்கு எவ்வளவு போனது என்று சொல்லாத கடை "நியாய வணிகம்" என்று ஸ்டிக்கர் ஒட்டக் கூடாது. ஒட்டியிருந்தது. கோத்தகிரியில் ஆதிமலை பழங்குடியினர் உற்பத்தியாளர் நிறுவனம் என்று ஒன்று இருக்கிறது, அதில் பங்குதாரர்களே பழங்குடியினர். செய்ய முடியும் என்றுதானே அர்த்தம்.

வேடிக்கை என்னவென்றால் அதே கடையில் அதே அலமாரியில் ஜவ்வாது மலைச் சாமை பாக்கெட் ஒன்று இருந்தது, அதில் ஜமுனாமரத்தூர் பக்கத்து ஊர் பெயரும் மகளிர் குழுவின் பெயரும் தெளிவாக இருந்தன. சாமையும் பிரமாதம், பொங்கலுக்கு நன்றாகக் குழைகிறது.

கஸ்டமர் கேர் நம்பருக்கு எழுதினேன். மூன்று நாள் கழித்து "சப்ளையரைக் கேட்டுச் சொல்கிறோம்" என்று பதில் வந்தது, கூடவே அடுத்த பர்ச்சேஸுக்குப் பத்து சதவீத கூப்பன். கூப்பனை வைத்து இரண்டு பாக்கெட் சாமை வாங்கினேன். ஊர் பெயர் இன்னும் வரவில்லை.

தேனுக்கு ஐந்துக்கு நாலரை, லேபிளுக்கு ஒன்று. வாங்குகிறவர்கள் மூடியை இறுக்கித் திருகாதீர்கள், சென்னை வெயிலில் உள்ளே காற்று சேர்ந்து எனக்குச் சமையலறை அலமாரி முழுக்க வழிந்துவிட்டது, எறும்பு இன்னும் போகவில்லை.