அமுதாவா, மல்லியா?
கோலாலம்பூர் பிரிக்ஃபீல்ட்ஸில் நண்பர்கள் கூடிப் படம் பார்க்கலாம் என்றால், அரசியல் வன்முறை என்ற பேச்சில் இந்த இரு நாயகிகளின் படங்கள்தான் முதலில் அடிபடும்.

மணிரத்னத்தின் ‘கன்னத்தில் முத்தமிட்டால்’ (2002) குடும்பத்தோடு உட்கார்ந்து அழக்கூடிய படம். தத்துப்பிள்ளை அமுதா பெற்ற தாயைத் தேடி இலங்கைக்குப் போகிறாள். கடைசியில் மழையில் அவள் கேட்கும் கேள்விகளுக்குப் போராளித் தாயால் அழத்தான் முடிகிறது. ஆனால் அந்தத் தாய் ஏன் ஆயுதம் எடுத்தாள் என்பதைப் படம் மேலோட்டமாகவே தொடுகிறது.

சந்தோஷ் சிவனின் ‘தி டெரரிஸ்ட்’ (1998) நேர்மாறு. தலைவர் ஒருவரைக் கொல்ல மனித வெடிகுண்டாகத் தேர்வானவள் மல்லி. நாடு எது, இயக்கம் எது என்று படம் சொல்வதில்லை. கேமரா ஆயிஷா தார்க்கரின் முகத்தை விட்டு நகர்வதே அரிது. வசனத்தைவிட மூச்சுச் சத்தம்தான் அதிகம். தங்கிய வீட்டில் நினைவின்றிக் கண் திறந்தபடி கிடக்கும் கிழவி, அப்புறம் தன் வயிற்றிலும் ஓர் உயிர் என்று தெரிவது: நியாயம் அநியாயம் எதுவும் பேசாமலே அவள் தடுமாற்றம் நமக்குள் இறங்கிவிடும். (நம் மலாயா ரப்பர் தோட்டத்துத் தாத்தாக்கள் கண்ட, கம்யூனிஸ்ட் கிளர்ச்சிக்கால 1948–60 அவசரகாலத்தை யாராவது இவ்வளவு நெருங்கிப் படமெடுக்க மாட்டார்களா!)

சரி, பிள்ளைகள் கூட இருந்தால் அமுதா. மாமாக் கடையில் (இந்திய முஸ்லிம் உணவுக்கடை) தே தாரேக்கோடு (ஆற்றிய பால் தேநீர்) நள்ளிரவுவரை வாதாடத் தயார் என்றால் மல்லி. என் ஓட்டு மல்லிக்கு.