நிலாவெளி புறாமலை: மிதக்கலாம், மிதிக்கக் கூடாது

திருகோணமலைக்கு வந்து கோணேஸ்வரம், கன்னியா வெந்நீரூற்று எல்லாம் பார்த்துவிட்டு அப்படியே திரும்பிவிடாதீர்கள். ஒரு காலைப்பொழுதைப் புறாமலைக்கு ஒதுக்குங்கள். நகரிலிருந்து வடக்கே 15 கிலோமீட்டரில் நிலாவெளி, அங்கிருந்து கடலில் ஏறத்தாழ ஒரு கிலோமீட்டரில் இந்த ஆளில்லாத் தீவு. 1963இல் சரணாலயமாக்கப்பட்டது, 2003இல் தேசியப் பூங்காவானது.

நுழைவுச்சீட்டைக் கரையிலேயே எடுக்க வேண்டும். படகுக்கூலி தனி. கூலி ஆளுக்கு அல்ல, படகுக்குத்தான் என்பதால் இரண்டு குடும்பங்கள் சேர்ந்தால் கையைக் கடிக்காது. வெளிநாட்டவர் கட்டணம் பல மடங்கு அதிகம். கனடாவிலிருந்து வந்த சித்தப்பா குடும்பத்துக்கு அதைத்தான் கட்டினோம்.

எங்கள் படகோட்டித் தம்பிக்கு முழு மதிப்பெண். உயிர்காப்பு அங்கியை எல்லோரும் அணிந்து, வார் இறுகியிருக்கிறதா என்று ஒவ்வொருவராக இழுத்துப் பார்த்த பிறகே இயந்திரத்தை முடுக்கினார். நீந்தத் தெரியாத என்னைத் தண்ணீரில் இறக்கும்போது, "அக்கா, பயம் வந்தால் என் கையைப் பிடியுங்கள், கீழே மட்டும் காலை ஊன்றாதீர்கள்" என்றார்.

வாடகைக்கு எடுத்த நீர்க்கண்ணாடி அப்படியில்லை. விளிம்பு ரப்பர் வெடித்து, தண்ணீர் உள்ளே வந்துகொண்டே இருந்தது. வாங்கும்போதே பட்டியை மாட்டாமல் முகத்தில் அழுத்தி மூக்கால் மூச்சை இழுத்துப் பாருங்கள். கையை எடுத்த பிறகும் ஒட்டிக்கொண்டு நின்றால் நல்லது, விழுந்தால் வேறு கேளுங்கள்.

முகத்தைத் தண்ணீருக்குள் வைத்ததும் முதலில் வந்தது ஒரு சத்தம். கிளிமீன்கள் முருகைக்கல்லை, அதாவது பவளப்பாறையை, கொறிக்கும் நறநறப்பு அது. அலகு போன்ற பல்லால் சுரண்டி விழுங்கி, சற்றுத் தள்ளிப் போய் வெள்ளை மணலாகக் கழித்துவிட்டு மறுபடி வந்து கொறிக்கிறது. அந்தக் கரை மணலில் ஒரு பங்கு இப்படி வந்ததுதான். பிறகு சுறா! செட்டையின் நுனியை மையில் தோய்த்தெடுத்ததுபோல் இருக்கும் கருமுனைச் சுறா, ஆழமில்லாத இடத்தில் எங்களைக் கண்டதும் விலகித் திரும்பியது. சித்தப்பாவின் மகள் என் கையை இறுக்கிப் பிடித்தவள், அது போன பிறகு இன்னொன்று வராதா என்று தேடினாள்.

பெயருக்குக் காரணமான மாடப்புறாக்கள் பாறை இடுக்குகளில் இருக்கின்றன. நம் ஊர்க் கோபுரங்களில் அடையும் புறாவின் காட்டு இனம். வெள்ளைக்காரர் காலத்தில் இந்தத் தீவைத் துப்பாக்கிச் சுடும் பயிற்சிக்குப் பயன்படுத்தினார்களாம். அதையும் தாண்டி இவை இங்கே தங்கியிருப்பதில் எனக்குப் பெரிய மகிழ்ச்சி.

மனம் பொறுக்காத ஒன்றைச் சொல்லியே ஆக வேண்டும். வெயில் ஏற ஏறப் படகுகள் வரிசையாக வந்து சேர்ந்தன. இடுப்பளவு தண்ணீரில் பவளத்தின்மேல் ஏறி நின்று படம் எடுக்கிறார்கள். என் கண் முன்னே ஒருவர் காலடியில் மான்கொம்புப் பவளத்தின் கிளை முறிந்தது. அந்த வகையாவது ஆண்டுக்குப் பத்து சென்டிமீட்டர் அளவில் வளரக்கூடியது. பக்கத்திலிருக்கும் உருண்டைப் பவளமோ ஆண்டுக்கு ஏறத்தாழ ஒரு சென்டிமீட்டர்தான். 1998இல் கடல் சூடேறி இலங்கையின் மற்றக் கரைகளில் பவளம் வெளிறி மடிந்தபோது, திருகோணமலைப் பக்கம் பெரும்பாலும் தப்பியது. அப்படித் தப்பியதை நாம் காலால் உடைக்கிறோம்.

போவதானால் மே முதல் செப்டெம்பர் வரை, வார நாளில், முதல் படகில் போங்கள். மாரியில் கடல் கொந்தளிக்கும். தீவில் கடை கிடையாது, குடிநீரைக் கொண்டுபோய் வெற்றுப் போத்தலைத் திரும்பக் கொண்டுவாருங்கள். வெயிலுக்குக் களிம்பு பூசுவதைவிட முழுக்கைச் சட்டை போடுவது பவளத்துக்கும் நல்லது.

கட்டணம் வாங்குகிறவர்களிடம் நான் கேட்பது இதுதான். ஆழமில்லாத பவளப் பகுதியைச் சுற்றி மிதவைக் கயிறு கட்டுங்கள். கரையில் நிற்கும் காவலர்களில் ஒருவரையாவது தண்ணீருக்குள் இறக்குங்கள்.