குழந்தைக்கு "சங்க இலக்கியப் பேர்" தர்றோம்னு 3,500 ரூபா வாங்கி ஏமாத்துறாங்க, உஷார்

புதுசா குழந்தை பிறந்த வீட்டுக்காரங்க தயவுசெஞ்சு படிங்க. தூய தமிழ்ப் பேர், அர்த்தம், இலக்கிய ஆதாரம் எல்லாம் சேத்து தர்றோம்னு ரீல்ஸ்ல விளம்பரம் பண்ற ஒரு ஆன்லைன் சர்வீஸ்ல 3,500 ரூபா கட்டி ஏமாந்து நிக்கிறோம்.

பொண்ணு பொறந்தா தமிழ்ப் பேர்தான்னு வீட்ல முன்னாடியே முடிவு பண்ணி வெச்சது. வாட்ஸ்அப்ல விசாரிச்சதும் ஒரு பொண்ணு வாய்ஸ் நோட் போட்டாங்க, "அண்ணா, பாப்பா போட்டோ ஒண்ணு அனுப்புங்களேன், எங்க தமிழ் ஐயா முகத்த பாத்துட்டுதான் பேர் தேடவே உக்காருவாரு"ன்னு. அதக் கேட்டதும் என் வீட்டுக்காரிக்கு கண்ணே கலங்கிருச்சு, அந்த எடத்துலதான் முழுசா நம்பினோம். கூடவே அவசரம் வேற, 21 நாளுக்குள்ள பேர் பதியலன்னா பர்த் சர்டிபிகேட் சிக்கலாயிரும், இன்னைக்கே ஜிபே பண்ணிருங்கன்னு. சுத்தப் பொய்ங்க அது. 21 நாள்ங்கறது பிறப்பைப் பதியறதுக்கு. பேர 12 மாசத்துக்குள்ள காசு கட்டாமலே சேக்கலாம், அதுக்கப்புறமும் லேட் ஃபீஸ் கட்டி 15 வருஷம் வரைக்கும் சேக்கலாம்.

வந்தது ஓலைச்சுவடி டிசைன் போட்ட ஒரு பிடிஎஃப், கீழ சீல் வேற. பேரு ரித்விகா, தூய தமிழ், பொருள் "நதியின் ஒளி", ஆதாரம் புறநானூறு 412. பத்திரிகை அடிச்சு, வெள்ளி டாலர்ல பேரும் பொறிச்சாச்சு. எங்க பெரியப்பா ரிட்டையர்டு தமிழ் வாத்தியார், பிடிஎஃப பாத்துட்டு "புறநானூறே மொத்தம் நானூறு பாட்டுதானேப்பா, 412 எங்கருந்து வந்துச்சு"ன்னாரு. தமிழ்ச் சொல்லு ரகரத்துல ஆரம்பிக்காது, தொல்காப்பியத்துலயே இருக்கு, அதனாலதான் ராமன இராமன்னு எழுதுறோம், இது ருத்விஜ்ங்கற சமஸ்கிருதச் சொல்லுலருந்து வந்தது, வேள்வி நடத்துற புரோகிதர்னு அர்த்தம், நதியும் இல்ல ஒளியும் இல்லன்னு சொல்லிட்டாரு. சமஸ்கிருதப் பேர் மேல எங்களுக்கு எந்தக் கோவமும் இல்ல, நாங்க கேட்டது தமிழ்ப் பேரு, அதுக்குத்தான் 3,500 ரூபா. ஆதிமந்தி, வெள்ளிவீதி, நச்செள்ளைன்னு சங்கப் புலவர்கள் பேரே அவ்ளோ இருக்கே, அதுல ஒண்ண எடுத்துக் குடுக்கக்கூட வலிக்குதா?

திருப்பிக் கேட்டா மொதல்ல ஐயா வெளியூர்ல இருக்காருன்னாங்க. அப்புறம் அது வேற பதிப்புல இருக்குன்னாங்க. எந்தப் பதிப்புன்னு கேட்டா ப்ளூ டிக் மட்டும் விழுது, பதில் இல்ல. கடைசில "கூட்டுத்தொகை நல்லா வருது சார், பாப்பாவுக்கு யோகமான பேரு, டிஜிட்டல் சர்வீஸுக்கு ரீஃபண்ட் கிடையாது"ன்னு சொல்லிட்டு ப்ளாக். மொத நாள் அண்ணா, பணம் கேட்டா சார். 3,500 ரூபாய இப்படி புடுங்கிட்டு பச்சக் குழந்தை விஷயத்துல விளையாடுறாங்க.

எப்படி செக் பண்றதுன்னு விவரமா எழுதணும்னுதான் உக்காந்தேன், இப்ப இருக்கற கோவத்துல இவ்ளோதான் வருது. பாட்டு நம்பர் குடுத்தா அந்தப் பாட்ட எடுத்து படிச்சுப் பாருங்க. சென்னைப் பல்கலைக்கழகத்தோட தமிழ்ப் பேரகராதி இணையத்துல ஃப்ரீயாவே தேடலாம், சொல்லு எந்த மொழிலருந்து வந்ததுன்னும் அதுல போட்டிருப்பாங்க. நகை, பத்திரிகை எல்லாம் அதுக்கப்புறம். 21 நாள்னு அவசரப்படுத்துனா ஃபோன வெச்சிருங்க.

வாய்ஸ் நோட், பிடிஎஃப் எல்லாம் எடுத்து வெச்சு நுகர்வோர் ஹெல்ப்லைன் 1915ல கம்ப்ளைன்ட் குடுத்தாச்சு. உங்களுக்கும் இதே புறநானூறு 412 வந்திருந்தா நீங்களும் குடுங்க.