மார்கரெட் கிரேவர்: சுத்தியலா, சூளையா?

அமெரிக்காவின் கான்சாஸில் 1907இல் பிறந்து 2010 வரை வாழ்ந்த மார்கரெட் கிரேவரின் கலையில் இரண்டு பாதைகள் உண்டு. ஒன்று வெள்ளிப் பாத்திரம், இன்னொன்று எனாமல் நகை, அதாவது நிறக் கண்ணாடித் தூளைச் சூட்டில் உருக்கிப் பதித்த நகை.

வெள்ளி வேலை கூட்டத்தோடு செய்தது. ஸ்வீடன் போய் அரசவை வெள்ளிக் கலைஞர் எரிக் பிளெமிங்கிடம், தடித்த வெள்ளித் துண்டைத் தட்டித் தட்டிக் கிண்ணமாக விரிக்கும் முறையைக் கற்றார். இரண்டாம் உலகப் போரில் காயம்பட்ட வீரர்களுக்கு உலோக வேலையைச் சிகிச்சையாகத் தரும் திட்டத்தை நடத்தினார். அப்புறம் தங்கம், வெள்ளி போன்ற உலோகங்களைச் சுத்திகரித்து விற்ற ஹேண்டி அண்ட் ஹார்மன் நிறுவனத்தின் ஆதரவில் 1947 முதல் 1951 வரை ஆசிரியர்களுக்கு வெள்ளிப் பட்டறைகள். அமெரிக்காவில் அந்தக் கைவேலை மறுபடி தலைதூக்கியதில் இவருக்குப் பெரிய பங்கு.

எனாமல் அப்படியல்ல, தனிமையில் தேடியது. 17ஆம் நூற்றாண்டு பிரான்சில் வழங்கிப் பின்னர் வழக்கொழிந்த 'ஆன் ரெசில்' முறையை ஆண்டுக்கணக்கில் சோதித்து மீட்டார். கண்ணாடியில் பள்ளம் வெட்டி, தங்க ரேக்கு பதித்து, எனாமல் தூளை நிரப்பிச் சுடுவது பழைய முறை. தூள் உருக வேண்டும், கண்ணாடி உருகக் கூடாது! சூடு கொஞ்சம் தப்பினால் எல்லாம் வீண். வெள்ளியில் அடி பிசகினால் காய்ச்சித் திருத்திக்கொள்ளலாம், இங்கே அது நடக்காது.

தாக்கம் என்று பார்த்தால் வெள்ளிதான். ஆனால் ஒன்றைத் தேர்ந்தெடுக்கச் சொன்னால், நான் அந்தச் சின்ன எனாமல் நகைகளைத்தான் எடுப்பேன்.