கிளிக் கூண்டுக்கு எந்தக் குச்சி? உருளைக் குச்சியும் மரக்கிளையும் கயிறும் சிமெண்டும்

கூண்டோடு சேர்ந்து வரும் இரண்டு உருளைக் குச்சிகளைப் பொருத்தியதுமே கிளி அமர்வதற்கான ஏற்பாடு முடிந்துவிட்டதாகப் பலர் கருதுகிறார்கள். ஆனால் வளர்ப்புக் கிளி தின்பது, இறகு கோதுவது, உறங்குவது எல்லாம் பெரும்பாலும் நின்ற நிலையிலேயே நடப்பதால், பகலிலும் இரவிலும் அதன் உடல் எடை முழுவதையும் பாதங்களே தாங்குகின்றன. எனவே குச்சியைத் தேர்ந்தெடுப்பதில் உணவைத் தேர்ந்தெடுப்பதற்கு நிகரான கவனம் வேண்டும். பட்ஜி, காக்டீல் முதலிய அயல்நாட்டு இனங்களை மனத்தில் கொண்டே இதை எழுதுகிறேன். நம் ஊர்ப் பச்சைக்கிளியைக் கூண்டில் வளர்ப்பதை 1972ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் தடை செய்கிறது.

கிளியின் பாதத்தில் இரண்டு விரல்கள் முன்னோக்கியும் இரண்டு பின்னோக்கியும் அமைந்திருக்கின்றன. காட்டில் அது ஒரே நாளில் பல பருமன்களில் உள்ள கிளைகளைப் பற்றுவதால், அழுத்தம் பாதத்தின் ஒரே இடத்தில் நிலைப்பதில்லை. வழவழப்பான உருளைக் குச்சியிலோ ஒவ்வொரு நாளும் அதே புள்ளிகளே அழுந்துகின்றன. முதலில் அடிப்பாதத்தின் சொரசொரப்பு மறைந்து தோல் பளபளக்கும், அடுத்து சிவக்கும், கவனிக்காமல் விட்டால் கிருமி புகுந்து வீக்கமும் புண்ணுமாக முற்றும். தினையை மட்டுமே தின்று கொழுத்த, வைட்டமின் ஏ குறைந்த பறவைகளில் இது இன்னும் விரைவாக நேரும். இருந்தாலும் உருளைக் குச்சியை முற்றாக ஒதுக்க வேண்டியதில்லை. கழுவுவது எளிது என்பதால் தீனிக் கிண்ணத்தின் முன்னும், நோயுற்ற பறவையைத் தனியே வைக்கும் கூண்டிலும் அது பொருத்தமானது.

முதன்மைக் குச்சியாக நான் பரிந்துரைப்பது பட்டையோடு கூடிய மரக்கிளையையே. கொய்யா, வேம்பு ஆகியவற்றின் கிளைகள் நம் பகுதியில் எளிதாகக் கிடைக்கும். ஒரு முனை பருத்தும் மறுமுனை மெலிந்தும், இடையிடையே கணுக்களோடும் வளைந்து செல்லும் கிளையில், பறவை ஒவ்வோர் அடிக்கும் தன் பிடியை மாற்றிக்கொள்கிறது. பட்டையை உரிப்பதும் கடிப்பதும் அலகுக்கு வேலையாகவும் பொழுதுபோக்காகவும் அமைகின்றன. விரல்கள் குச்சியின் சுற்றளவில் ஏறத்தாழ மூன்றில் இரண்டு பங்கைத் தழுவ வேண்டும் என்பது பொதுவான அளவுகோல். பட்ஜிக்கு 1 முதல் 1.5 செ.மீ. வரையிலான விட்டமும், காக்டீலுக்கு 2 செ.மீ. அளவும் ஏற்றவை. பூச்சிமருந்து தெளித்த மரத்தின் கிளை வேண்டாம். அரளி நஞ்சு என்பதால் அதன் பக்கமே போகக் கூடாது. வெட்டிய கிளையை நன்றாகத் தேய்த்துக் கழுவி, வெயிலில் முழுவதுமாகக் காயவைத்த பிறகே கூண்டில் பொருத்த வேண்டும். கடித்துத் தேய்ந்துபோகும் கிளையை அவ்வப்போது மாற்ற வேண்டியிருப்பதே இதன் குறை. என் பார்வையில் அது குறையே இல்லை, ஏனெனில் பறவை கடிப்பதற்காகவே அதை வைக்கிறோம்.

பருத்திக் கயிற்றுக் குச்சி மென்மையானது. மூட்டு வலியுள்ள முதிய கிளிக்கும் பாதப் புண் ஆறிவரும் கிளிக்கும் நல்ல ஆறுதல் தரும். ஆனால் நூல் பிரியத் தொடங்கியதும் அதை எடுத்துவிட வேண்டும். பிரிந்த இழை விரலில் சுற்றி இரத்த ஓட்டத்தைத் தடுக்கலாம். விழுங்கப்பட்ட இழைகள் இரைப்பையை அடைக்கலாம். கயிற்றைக் கடித்துப் பிய்க்கும் பழக்கமுள்ள கிளிக்கு இது உகந்ததல்ல.

நகம் தேய்வதற்கென்று விற்கப்படும் சிமெண்ட் குச்சி கூண்டில் ஒன்று இருந்தால் போதும். சற்று நேரம் நின்றுவிட்டு நகரும் இடத்தில் அதை வைக்கலாம், உறங்கும் இடத்தில் கூடாது. உப்புத்தாள் உறை மாட்டிய குச்சியை வாங்கவே வேண்டாம். அது நகத்தைக் குறைப்பதைவிட அடிப்பாதத்தைக் கீறுவதே மிகுதி.

எந்தக் குச்சி எங்கே இருக்க வேண்டும் என்பதைக் கிளியின் நடத்தையே காட்டும். உயரமே பாதுகாப்பு என்று உணரும் பறவை பெரும்பாலும் மிக உயர்ந்த குச்சியில்தான் உறங்கும். ஆகவே அந்த இடத்தை மரக்கிளைக்கோ கயிற்றுக்கோ ஒதுக்க வேண்டும். ஒரு காலை இறகுக்குள் மடக்கி, அலகை மெல்ல அரைத்தபடி கண்களை மூடினால் அது நிம்மதியாக இருக்கிறது என்று கொள்ளலாம். மாறாக, பகலிலும் இறகுகளை உப்பவைத்து இரு கால்களையும் ஊன்றித் தூங்கிக்கொண்டே இருந்தாலோ, கூண்டின் தரையில் ஒடுங்கினாலோ, கால் மாற்றி மாற்றி நின்றாலோ, குச்சியை மாற்றிப் பார்த்துக்கொண்டு காத்திராமல் கால்நடை மருத்துவரிடம் கொண்டு செல்ல வேண்டும்.

புதிய பொருளைக் கண்டு மிரள்வது கிளியின் இயல்பு. ஆகவே புதிய கிளையைச் சில நாட்கள் கூண்டுக்கு வெளியே அதன் பார்வையில் படும்படி வைத்து, பிறகு தாழ்வான இடத்தில் பொருத்தி, அது தானாக ஏறி நிற்கத் தொடங்கிய பின்னரே பழைய குச்சியை அகற்றலாம்.