ஒரே குடும்பம், ஐந்து நூல்கள்: சமூகப்பணிக்கு எந்த உளவியல்?

பொது உளவியல் பாடநூல்கள் நினைவு, கற்றல், உணர்ச்சி, ஆளுமை என மனத்தின் இயக்கங்களை நன்றாகவே விளக்குகின்றன. ஆனால் வாடகை பாக்கிக்கும் பள்ளியின் எச்சரிக்கைக் கடிதத்துக்கும் நடுவே திணறிக்கொண்டிருக்கும் ஒருவரிடம் முதல் அரை மணி நேரத்தில் எதைக் கேட்பது, எதைக் கேட்காமல் விடுவது என்பதை அவை சொல்வதில்லை. அதைச் சொல்வதற்கென்றே எழுதப்பட்ட நூல்கள் ஒரு தனி மரபாக வளர்ந்திருக்கின்றன. 1917-இல் சமூகப்பணி முன்னோடி மேரி ரிச்மண்ட் 'சோஷியல் டயக்னோசிஸ்' நூலை எழுதியபோது, உறவினர், பள்ளி, மருத்துவர், வேலை கொடுப்பவர் ஆகியோரிடமிருந்து சான்றுகளைத் திரட்டி ஒரு குடும்பத்தின் நிலையை அறிவதே மையமாக இருந்தது. அடுத்த பத்தாண்டுகளில், நடத்தையின் காரணத்தை உள்மனப் போராட்டங்களில் தேடும் உளப்பகுப்பாய்வுச் சிந்தனை துறைக்குள் பரவியதும், பார்வை வெளிச் சூழலிலிருந்து உள்மனத்துக்குத் திரும்பியது. அதற்குப் பின் வந்த முக்கிய நூல்கள் எல்லாம் மனத்துக்கும் சூழலுக்கும் இடையே எதற்கு எவ்வளவு இடம் கொடுப்பது என்ற ஒரு கேள்வியில்தான் ஒன்றோடொன்று மாறுபடுகின்றன என்பது என் கருத்து.

ஒப்பீடு வெறும் கொள்கைப் பேச்சாக நின்றுவிடாமலிருக்க, ஒரே நிலைமையை அவற்றில் ஐந்து நூல்களிடம் கொடுத்துப் பார்க்கலாம். ஒரு கற்பனைக் குடும்பத்தை எடுத்துக்கொள்வோம். பதினொரு வயதுச் சிறுவன் இரண்டு மாதங்களாகப் பள்ளிக்குப் போகவில்லை. தாய் இரவு வேலைக்குச் சென்று விடியற்காலையில் திரும்புகிறார். தந்தை வீட்டைவிட்டுப் போய் ஓராண்டு ஆகிறது. பள்ளி நிர்வாகம் வற்புறுத்தியதால்தான் தாய் சமூகப்பணியாளரைப் பார்க்க வந்திருக்கிறார், தாமாக வரவில்லை.

புளோரன்ஸ் ஹாலிஸ் 1964-இல் வெளியிட்ட 'கேஸ்வொர்க்: எ சைக்கோசோஷியல் தெரபி' (கேஸ்வொர்க் என்பது தனிநபர் சமூகப்பணி) இந்தத் தாயைச் சூழ்நிலைக்குள் இருக்கும் மனிதராகப் பார்க்கச் சொல்கிறது. ஹாலிஸின் பெரும் பங்களிப்பு, சமூகப்பணியாளரும் உதவி நாடுபவரும் பேசிக்கொள்ளும் பேச்சை ஆறு வகைகளாகப் பிரித்துக் காட்டியதாகும். ஆதரவாக உடன் நிற்பது, நேரடியாக வழிகாட்டுவது, நடந்ததை விவரித்து மனத்தில் உள்ளதைக் கொட்டவிடுவது ஆகிய மூன்றும் முதலில் வருகின்றன. இன்றைய சூழலையும் அதில் தம் நடத்தையையும் சிந்திக்கவைப்பது, திரும்பத் திரும்பத் தலைதூக்கும் நடத்தைப் போக்கைச் சிந்திக்கவைப்பது, அந்தப் போக்கின் இளமைக்கால வேர்களைச் சிந்திக்கவைப்பது ஆகிய மூன்றும் அடுத்து வருகின்றன. உண்மையான வழக்குப் பதிவுகளை வரி வரியாக ஆராய்ந்து உருவாக்கியது என்பதால் இந்தப் பகுப்புக்கு இன்றும் மதிப்பு குறையவில்லை. தம் நேர்காணல் பதிவு ஒன்றை எடுத்து, தாம் பேசிய ஒவ்வொரு வாக்கியமும் இந்த ஆறில் எதில் சேரும் என்று குறித்துப் பார்க்கும் மாணவர், தாம் சிந்திக்கவைப்பதாக நினைத்த இடங்களில் பலவும் அறிவுரை மட்டுமே என்பதைத் தாமே கண்டுகொள்வார். ஒரு நூல் தரக்கூடிய மிகச் சிறந்த பயிற்சிகளில் இது ஒன்று.

ஆனால் நம் குடும்பத்தின் விஷயத்தில் ஹாலிஸ் மெதுவாக நகர்கிறார். தாயின் இளமைக்காலம், கணவர் விட்டுச் சென்றதால் கிளர்ந்த பழைய இழப்புகள், மகனிடம் அவர் வைத்திருக்கும் இருமனப்பட்ட உணர்வு ஆகியவற்றைப் புரிந்துகொள்ள நீண்ட காலமும், தொடர்ந்து வரும் விருப்பமும் தேவை. இந்தத் தாயிடம் இரண்டும் இல்லை. வளர்ச்சி சார்ந்த விளக்கம் எளிதில் தாயின் மீது குற்றமாக மாறிவிடும் அபாயத்தையும் இங்கே சொல்லியாக வேண்டும். பிரிட்டிஷ் மனநல மருத்துவர் ஜான் பௌல்பி உலக சுகாதார நிறுவனத்துக்காக எழுதி 1951-இல் வெளிவந்த அறிக்கை, சிறு பிள்ளைகளைத் தாயிடமிருந்து பிரித்து நிறுவனங்களில் வளர்ப்பதன் தீங்கை உலகின் கவனத்துக்குக் கொண்டுவந்தது. மருத்துவமனைகளிலும் குழந்தைகள் இல்லங்களிலும் நடைமுறைகள் மாற அது துணைநின்றது. அதே சிந்தனையை மேலோட்டமாகப் பிடித்துக்கொண்டவர்கள், வேலைக்குப் போகும் தாயே பிள்ளையின் சிக்கலுக்குக் காரணம் என்று எழுதவும் செய்தார்கள். மற்றொரு மனநல மருத்துவரான மைக்கேல் ரட்டர் 1972-இல் அந்தச் சான்றுகளை மறுபடி பரிசீலித்து, பிரிவு என்ற ஒன்றைவிடக் குடும்பத்துக்குள் நிலவும் ஓயாத சச்சரவே நடத்தைச் சிக்கல்களோடு நெருங்கிய தொடர்புடையது என்றும், தாய் ஒருவரோடு மட்டுமே பிள்ளைக்குப் பிணைப்பு உருவாவதில்லை என்றும் காட்டினார். பௌல்பியைப் படிக்கும் சமூகப்பணியாளர் ரட்டரையும் சேர்த்தே படிக்க வேண்டும் என்று நான் வற்புறுத்துவேன், ஏனென்றால் ஒரு குழந்தையை வீட்டிலிருந்து அகற்றலாமா என்று பரிந்துரை எழுதும் கையில் பிள்ளைக்கும் வளர்ப்பவருக்கும் இடையிலான பந்தத்தை விளக்கும் பிணைப்புக் கோட்பாடு அரைகுறையாக உள்வாங்கப்பட்டு இருப்பது ஆபத்தானது.

ஹாலிஸுக்கு ஏழு ஆண்டுகள் முன்பே, 1957-இல், ஹெலன் ஹாரிஸ் பெர்ல்மன் 'சோஷியல் கேஸ்வொர்க்: எ ப்ராப்ளம்-சால்விங் ப்ராசஸ்' நூலை வெளியிட்டிருந்தார். மனிதர், பிரச்சினை, உதவி கிடைக்கும் இடம், உதவி நடக்கும் முறை என்ற நான்கு கூறுகளில் அவர் முழுப் பணியையும் அடக்கினார். பார்வைக்கு எளிமையானதாகத் தோன்றும் இந்தப் பகுப்பில் மூன்றாவது கூறுதான் உளவியல் நூல்களிலிருந்து இதை வேறுபடுத்துகிறது. உதவி நாடுபவர் வந்து சேரும் நிறுவனம் என்ன செய்ய முடியும், என்ன செய்ய முடியாது, அதன் விதிகள் அவர் மனத்தில் என்ன அச்சத்தை எழுப்புகின்றன என்பதையும் உளவியல் கேள்விகளாகவே பெர்ல்மன் நடத்துகிறார். உதவி கேட்டு வருபவருக்கும், உதவி பெற ஒப்புக்கொண்டவருக்கும் இடையே அவர் வேறுபாடு காண்கிறார். முதல் சந்திப்புகளின் வேலையே முன்னவர் பின்னவராக மாற வழி செய்வதுதான். நம் தாய் முதல் வகையில்கூட முழுமையாகச் சேராதவர். பள்ளியின் மீதுள்ள கோபத்தோடு வந்தவரிடம் அவருடைய குழந்தைப் பருவத்தைக் கேட்பதைவிட, "இங்கே வரச் சொன்னது உங்களுக்கு எப்படி இருந்தது?" என்று கேட்பது எத்தனை பொருத்தம் என்பதைப் பெர்ல்மனின் முறையே நமக்கு உணர்த்தும்.

பிரச்சினையைச் சிறு பகுதிகளாக உடைத்து, அவற்றில் ஒன்றை இன்றைக்கு எடுத்துக்கொள்வது அவர் வலியுறுத்தும் இன்னொரு வழிமுறை. இதன் பின்னே, மனத்தின் சமாளிக்கும் ஆற்றலை ஆராயும் ஈகோ உளவியலும், அமெரிக்க மெய்யியலாளர் ஜான் டூயியின் சிந்தனையும் இருக்கின்றன: ஒரு சிறு சிக்கலைத் தம் முயற்சியால் தீர்த்தவருக்கு அடுத்ததை எதிர்கொள்ளும் வலிமை கூடுகிறது. காலை ஏழு மணிக்குச் சிறுவனை எழுப்ப யார் இருக்கிறார்கள் என்பது ஒரு பகுதி. பள்ளியில் அவனுக்கு என்ன நேர்ந்தது என்பது இன்னொரு பகுதி. தந்தையைப் பற்றி வீட்டில் பேச முடியாமல் இருப்பது மூன்றாவது. மூன்றையும் ஒரே நாளில் திறக்க முயலும் ஆர்வமுள்ள புதிய பணியாளருக்குப் பெர்ல்மனைப் போல் பொறுமையாக வழிகாட்டும் ஆசிரியர் அரிது. அவருடைய குறை, பிரச்சினை தீர்ப்பது என்ற சட்டகம் சில துயரங்களுக்குப் பொருந்தாது என்பதுதான். துக்கம் தீர்க்கப்பட வேண்டிய பிரச்சினை அன்று.

வில்லியம் ரீடும் லாரா எப்ஸ்டீனும் 1972-இல் எழுதிய 'டாஸ்க்-சென்டர்ட் கேஸ்வொர்க்' இன்னும் கறாரானது. ரீடும் ஆன் ஷைனும் 1969-இல் வெளியிட்ட ஆய்வு, திட்டமிட்டுக் குறுக்கப்பட்ட சேவை, நீண்டகாலச் சேவைக்கு எவ்வகையிலும் குறைந்ததாக இல்லை என்று காட்டியிருந்தது. அடுத்த ஆண்டுகளில் ஜோயல் பிஷர், ஒப்பிடுவதற்கான கட்டுப்பாட்டுக் குழுக்களோடு நடந்த ஆய்வுகளைத் தொகுத்துப் பார்த்து, தனிநபர் சமூகப்பணி பயன் தருகிறது என்பதற்கு நம்பத்தகுந்த சான்று கிடைக்கவில்லை என்று 1973-இல் எழுதினார். துறை முழுவதும் அதிர்ந்த காலம் அது. ஏறக்குறைய அதே காலத்தில் ரீடும் எப்ஸ்டீனும் முன்வைத்த வழி நேர்மையானது: உதவி நாடுபவர் தம் வாயால் சொல்லும் பிரச்சினையையே இலக்காக வைத்து, சில மாதங்களுக்குள் முடிக்க வேண்டிய வேலைகளை இருவரும் பேசித் தீர்மானித்து, ஒவ்வொரு சந்திப்பிலும் அவை நடந்தனவா என்று சரிபார்ப்பது. அவர்களுடைய பிரச்சினைப் பட்டியலில் உறவுச் சச்சரவும் மனவேதனையும் இருப்பதைப் போலவே, அமைப்புகளோடு ஏற்படும் மோதலும், தேவையான வளங்கள் இல்லாமையும் சம இடம் பெறுகின்றன. தாயிடம் கேட்டால் அவர் சொல்லப்போவது பெரும்பாலும் அந்த இரண்டில் ஒன்றைத்தான். அதை மறைபொருளாகக் கருதித் தோண்டாமல் அப்படியே ஏற்கும் மரியாதை இந்த நூலில் இருக்கிறது. மனத்தின் ஆழத்தை அறிய விரும்புபவருக்கு இதில் கிடைப்பது குறைவு. நேரமின்மை பெரிதாக உள்ள அலுவலகங்களில் வேலை செய்பவருக்கு இதைவிடப் பயனுள்ள நூலைச் சொல்வது கடினம்.

கேரல் ஜெர்மெய்னும் அலெக்ஸ் கிட்டர்மனும் 1980-இல் வெளியிட்ட 'தி லைஃப் மாடல் ஆஃப் சோஷியல் வொர்க் ப்ராக்டிஸ்', மனிதருக்கும் சூழலுக்கும் இடையிலான பொருத்தத்தையே அலகாக எடுத்துக்கொள்கிறது. வாழ்க்கை மாற்றங்கள், சூழலின் அழுத்தங்கள், நெருங்கியோர் இடையே உள்ள பழுதுபட்ட தொடர்பு ஆகிய மூன்றும் ஒன்றையொன்று எப்படி இறுக்குகின்றன என்பதைப் பார்க்க இது கண்ணைத் திறக்கிறது. நம் குடும்பத்தில் மூன்றும் உள்ளன. ஆனால் எல்லாவற்றையும் தொடர்புபடுத்திக் காட்டும் நூல், எதை முதலில் செய்வது என்பதில் தயங்கும். படித்துமுடித்த பின்பும் பணியாளர் கையில் முழுமையான வரைபடம் இருக்கும், முதல் அடி இராது. ஆகவே இதை மதிப்பீட்டு அறிக்கை எழுதும்போது துணையாகவும், நேர்காணலுக்கு வேறு நூலைத் துணையாகவும் வைத்துக்கொள்வதே நல்லது.

அந்த வேறு நூல்களில் இன்று அதிகம் பேசப்படுவது வில்லியம் மில்லரும் ஸ்டீபன் ரோல்னிக்கும் எழுதிய 'மோட்டிவேஷனல் இன்டர்வியூயிங்'. 1991-இல் போதைப் பழக்கத்தை விட உதவும் நூலாகத் தொடங்கி, பின்வந்த பதிப்புகளில் எந்த மாற்றத்துக்கும் உரிய உரையாடல் முறையாக விரிந்திருக்கிறது. திறந்த கேள்வி, உறுதிப்படுத்தல், பிரதிபலித்துக் கேட்டல், தொகுத்துச் சொல்லல் என்ற நான்கு திறன்களும் மற்ற நூல்களிலும் உண்டு. இதற்கே உரிய நுட்பம், மாற்றத்துக்கான காரணங்களை உதவி நாடுபவரே தம் வாயால் சொல்லும் வகையில் பேச்சை நடத்துவதாகும். எதிரே இருப்பவரின் வாழ்க்கையை உடனே சரிசெய்துவிட வேண்டும் என்ற நம் உந்துதலே அதற்குத் தடை என்கிறார்கள் ஆசிரியர்கள். தாய் இப்படிச் சொல்வதாக வைத்துக்கொள்வோம்: "அவன் படிக்க வேண்டும் என்று எனக்கு மட்டும் ஆசை இல்லையா? வேலை முடிந்து வந்து படுத்தால் எழுந்திருக்கவே முடியவில்லை." அதற்கு, "வேலை நேரத்தை மாற்றித் தரக் கேட்டுப் பாருங்கள்" என்று பதில் சொன்னால், ஏன் கேட்க முடியாது என்பதற்கான காரணங்களை அவர் அடுக்கத் தொடங்குவார். "அவன் பள்ளிக்குப் போக வேண்டும் என்பதில் நீங்கள் உறுதியாக இருக்கிறீர்கள், உடம்புதான் ஒத்துழைக்க மறுக்கிறது" என்று பிரதிபலித்தால், பேச்சு அவருடைய உறுதியை நோக்கித் திரும்ப வாய்ப்புண்டு. வற்புறுத்தி அனுப்பப்பட்டவர்களோடு பணியாற்ற இந்த ஐந்து நூல்களில் மிகத் தேர்ந்த கருவி இதுதான்.

ஆயினும் இதைத் தனியாகப் பயன்படுத்துவதை நான் எதிர்க்கிறேன். இந்த முறை ஊக்கத்தை மாற்றத்தின் நெம்புகோலாக எடுத்துக்கொள்கிறது. மகனைப் பள்ளிக்கு அனுப்புவதில் நம் தாய்க்கு இருமனம் இல்லை. காலையில் பிள்ளையை அனுப்ப ஆள் இல்லை. அவருடைய உறுதியை எத்தனை அழகாக வெளிக்கொணர்ந்தாலும் ஆள் வந்துவிடப் போவதில்லை, அப்படி வராதபோது தோல்வி முழுவதும் அவருடைய ஊக்கக் குறைவாகப் பதிவேட்டில் எழுதப்படும். வளமின்மையை மனநிலையாக மாற்றி எழுதும் இந்தப் பிழை சமூகப்பணியில் மிகப் பழையது; ஹாலிஸின் காலத்தில் அது உள்மனப் போராட்டம் என்ற பெயரில் வந்தது. ரீடையும் எப்ஸ்டீனையும் பக்கத்தில் வைத்துக்கொண்டு இந்த நூலைப் படிப்பவருக்கு அந்த அபாயம் பெருமளவு குறையும்.

சிறுவன் வீட்டில் வன்முறையைக் கண்டிருக்கிறான் என்று பின்னர் தெரியவந்தால், ஐந்தும் போதாது. அப்போது 1992-இல் வெளிவந்த ஜூடித் ஹெர்மனின் 'ட்ராமா அண்ட் ரிகவரி' தேவைப்படும். பாதுகாப்பை உறுதிசெய்தல், நினைவுகூர்ந்து துக்கம் அனுசரித்தல், மீண்டும் உறவுகளோடு இணைதல் என்று அவர் வகுத்த மூன்று கட்டங்களில் முதலாவதுதான் சமூகப்பணியாளரின் நேரடிப் பொறுப்பு. பாதுகாப்பு உறுதியாகும் முன் நடந்ததைத் துருவிக் கேட்பது தீங்கு செய்யும்.

படிக்கும் வரிசையைக் கேட்பவருக்கு என் பரிந்துரை: களப்பணி தொடங்கும் முன் பெர்ல்மன், களத்தில் இருக்கும்போது ரீட்–எப்ஸ்டீனும் மில்லர்–ரோல்னிக்கும், சில ஆண்டுகள் அனுபவம் சேர்ந்தபின் ஹாலிஸ். பதிப்பு விஷயத்தில் பழையது போதும் என்று எல்லாவற்றுக்கும் சொல்ல முடியாது. பெர்ல்மனை எந்தப் பதிப்பில் படித்தாலும் இழப்பில்லை. ஹாலிஸின் நூலை மேரி உட்ஸ் இணையாசிரியராகச் சேர்ந்த 1981-ஆம் ஆண்டுப் பதிப்பிலோ அதற்குப் பின் வந்ததிலோ படிப்பது நல்லது. மில்லர்–ரோல்னிக் நூலின் முதல் பதிப்பைத் தவிர்க்கலாம்; ஈடுபடுத்தல், கவனம் குவித்தல், வெளிக்கொணர்தல், திட்டமிடல் என்ற நான்கு கட்ட அமைப்பு 2013-ஆம் ஆண்டின் மூன்றாம் பதிப்பில்தான் வருகிறது, நம் தாயைப் போன்றவரிடம் முதல் கட்டத்திலேயே எவ்வளவு நேரம் தங்க வேண்டியிருக்கும் என்பது அதைப் படித்தால்தான் விளங்கும்.