காலம் தவறிய காணி மேன்முறையீடு: 765ஆம் பிரிவா, மீளாய்வு மனுவா?

மட்டக்களப்பிலோ கல்முனையிலோ மாவட்ட நீதிமன்றத்தில் காணி வழக்குத் தோற்றவருக்கு இரண்டு கெடுக்கள் ஒரே நாளில் ஓடத் தொடங்குகின்றன. மேன்முறையீட்டு அறிவித்தலுக்கு 14 நாள். தீர்ப்பு நாள், தாக்கல் செய்யும் நாள், ஞாயிறு, பொது விடுமுறை ஆகியவை அதில் கழியும், சனி கழியாது. மேன்முறையீட்டு மனுவுக்குத் தீர்ப்புத் திகதியிலிருந்து 60 நாள். இதில் ஞாயிறும் போயாவும் கழியா. கடைசி நாளில் நீதிமன்றம் மூடியிருந்தால் மட்டும் அடுத்து திறக்கும் நாளில் கொடுக்கலாம். தீர்ப்பின் பிரதி பிந்திக் கிடைத்தது என்பதால் 60 நாள் நீளாது. பலர் வழுக்குவது இங்கேதான்.

குடியியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 759(2) கைகொடுக்கும் என்று நம்பிவிட வேண்டாம். அறிவித்தலில் அல்லது மனுவில் நேர்ந்த தவறை, எதிர்த்தரப்புக்குக் கணிசமான பாதிப்பு இல்லையென்றால், அது மன்னிக்கும். காலக்கெடுவை மன்னிக்காது, அந்தப் பிரிவே காலத்தை வெளிப்படையாக விலக்கிவைக்கிறது.

ஆகவே கெடு தவறியவருக்கு உண்மையில் எஞ்சுவன இரண்டு வழிகள். இரண்டையும் 2006ஆம் ஆண்டின் 54ஆம் இலக்கச் சட்டத்தின்படி மாகாணத்தின் குடியியல் மேன்முறையீட்டு மேல் நீதிமன்றத்திலேயே கேட்கலாம்.

முதலாவது, கெடு தவறிய மேன்முறையீட்டையும் ஏற்க இடம்தரும் அதே சட்டக்கோவையின் 765ஆம் பிரிவு. இங்கே மூன்றும் சேர்ந்து நிற்க வேண்டும்: தன் கட்டுப்பாட்டுக்கு அப்பாற்பட்ட காரணம் தடுத்தது, மேன்முறையீட்டுக்கு நல்ல காரணம் இருக்கிறது, தீர்ப்புக்குப் பின் அதைக் குழப்புவது வென்றவருக்கு அநீதியாகும்படி எதுவும் நடக்கவில்லை. விழுவது பெரும்பாலும் முதலாவது. மார்கழி வெள்ளத்தில் படுவான்கரைப் பாதை மூடியதென்றால் எந்தத் திகதி முதல் எந்தத் திகதி வரை என்று கிராம உத்தியோகத்தரின் கடிதமும் பிரதேச செயலாளரின் ஒப்பமும் வேண்டும். ஆஸ்பத்திரியில் கிடந்திருந்தால் அனுமதித்த, வெளியேறிய திகதிகள் உள்ள அட்டை. 5ஆம் நாள் முதல் 20ஆம் நாள் வரை படுக்கை, மனு கொடுத்தது 90ஆம் நாள் என்றால் இடையிலுள்ள நாட்களுக்கு விடை இல்லை. சட்டத்தரணி மறந்துவிட்டார் என்பதும், மத்திய கிழக்கில் இருந்தேன் என்பதும் தனியே நின்றால் பலவீனமானவை. மூன்றாவது நிபந்தனைக்காகவும் தாமதிக்கக் கூடாது: வென்றவர் காணியை விற்றாலோ வீடு கட்டினாலோ அது கையை விட்டுப் போகிறது.

இரண்டாவது மீளாய்வு: கீழ் நீதிமன்றத்தின் பிழையை மேல் நீதிமன்றம் வழக்கேட்டைப் பார்த்துத் திருத்தும் வழி. நாட்கணக்கு இல்லை என்பதாலேயே இது ஆட்களை ஏமாற்றுகிறது. மேன்முறையீட்டு உரிமை இருந்தும் அதைப் பாவிக்காதவர் விதிவிலக்கான சூழ்நிலையைக் காட்ட வேண்டும். விளக்கமில்லாத தாமதம் மனுவைக் கொல்லும். சாட்சியை நீதிபதி தவறாக எடைபோட்டார் என்பது போதாது. அழைப்பாணை சேராமல் தீர்ப்பு விழுந்தது, உறுதியில் உரிமையுள்ளவரை வழக்கில் சேர்க்கவே இல்லை, நீதிமன்றத்துக்கு அதிகாரமே இல்லை போன்ற, வழக்கேட்டைப் புரட்டினாலே தெரியும் பிழை வேண்டும். வழக்கில் தரப்பாக இல்லாதவரும் மீளாய்வு கேட்கலாம். 765 அவருக்குத் திறக்காது. கூட்டுக் காணியைப் பங்கிடும் பிரிவிடல் வழக்கின் தீர்ப்புக்கு இறுதித்தன்மை சொல்லும் பிரிவிடல் சட்டத்தின் 48ஆம் பிரிவுகூட மீளாய்வைத் தடுக்காது என்று 1983இல் சோமாவதி எதிர் மடவல வழக்கில் உயர் நீதிமன்றம் சொன்னது.

என் கணிப்பு: தடை உங்களுக்கு நேர்ந்ததென்றால் 765, பிழை நீதிமன்றத்தில் நேர்ந்ததென்றால் மீளாய்வு. தாமதத்துக்கு ஆவணமும் இல்லை, வழக்கேட்டில் பிழையும் இல்லை என்றால் இரண்டும் வீண்செலவு. எதிர்த்தரப்புடன் சமரசம் பேசுவதே மேல். மீளாய்வில் தவறவிட்ட மேன்முறையீட்டை மறைக்க வேண்டாம். முழு உண்மையையும் முன்வைக்காத மனு அந்த ஒரு காரணத்துக்காகவே தள்ளப்படலாம்.

எந்த வழியைத் தெரிவுசெய்தாலும் இடைநிறுத்தக் கட்டளையை மனுவிலேயே கேளுங்கள். மேன்முறையீட்டுக் காலம் முடியும்வரை தீர்ப்பை நிறைவேற்றும்படி கேட்க 761ஆம் பிரிவு இடம்விடாது. முடிந்த மறுநாள் அந்தக் காப்பு இல்லை. எழுத்தாணையோடு பிஸ்கால் (தீர்ப்பை நிறைவேற்றும் நீதிமன்ற உத்தியோகத்தர்) வளவுக்கு வந்து ஆட்களை வெளியேற்றிவிட்டால், பின்னர் கிடைக்கும் நல்ல தீர்ப்பைக் கொண்டு உடைமையை மீட்க இன்னொரு நீண்ட அலைச்சல்.

வழக்குத் தவணைக்குப் போகாததால் ஒருதலைத் தீர்ப்பு விழுந்திருந்தால் இந்த இரண்டுக்கும் முன் அதே சட்டக்கோவையின் 86(2) இருக்கிறது, தவணைக்கு வராததற்கு நியாயமான காரணம் காட்டி அந்தத் தீர்ப்பை நீக்கக் கேட்கலாம்: தீர்ப்பாணை கையில் சேர்ந்த நாளிலிருந்து 14 நாள், அதே மாவட்ட நீதிமன்றம். செலவும் அங்கேதான் குறைவு.